கொட்டகையும் காடும்: சு. தியடோர் பாஸ்கரனின் எழுத்தும் ராஜபாளையம் வட்டாரமும்

தமிழ்த் திரைப்படத்தை வரலாற்று ஆவணமாகக் கருதி ஆராயலாம் என்ற எண்ணம் அறிவுலகில் ஏற்கப்படாதிருந்த காலத்தில், அந்த ஆய்வுக்கான சான்றுகளைத் தேடித் தொகுத்து, அவற்றின் மீது ஒரு வாதத்தைக் கட்டியெழுப்பியவர் சு. தியடோர் பாஸ்கரன். 1940இல் தாராபுரத்தில் பிறந்து, சென்னைக் கிறித்துவக் கல்லூரியில் வரலாறு பயின்று, இந்திய அஞ்சல் பணியில் சேர்ந்து, 1998இல் தமிழ்நாட்டின் தலைமை அஞ்சல் துறைத் தலைவராக ஓய்வு பெற்ற அவர், ஒரு பக்கம் திரைப்பட வரலாற்றாசிரியராகவும் மறுபக்கம் காட்டுயிர் பற்றி எழுதுபவராகவும் அறியப்படுகிறார். இந்த இரண்டு ஈடுபாடுகளையும் தொடர்பற்றவையாக, ஓர் அதிகாரியின் ஓய்வுநேர ஆர்வங்களாகப் பார்ப்பதே வழக்கம். அப்படிப் பிரித்துப் பார்ப்பது சரியன்று என்பது இக்கட்டுரையின் நிலைப்பாடு. படித்த வர்க்கம் மதிக்காமல் ஒதுக்கிய ஒன்றை எடுத்து, அதைப் பயன்படுத்தியவர் யார், ஏன் பயன்படுத்தினர், அது எப்படிப் பதிவாகாமல் போனது என்று கேட்கும் ஒரே முறைதான் இரண்டு துறைகளிலும் இயங்குகிறது. இதைச் சோதித்துப் பார்க்க ராஜபாளையம், ஸ்ரீவில்லிபுத்தூர், அவற்றை ஒட்டிய சிவகாசி, விருதுநகர், கோவில்பட்டி ஆகிய ஊர்கள் அடங்கிய வறண்ட நிலப்பகுதியைவிடப் பொருத்தமான இடம் தமிழ்நாட்டில் அதிகமில்லை. ஏனெனில் நாட்டுப்பற்று நாடகம், காலண்டர் ஓவியம், திரைப்படத்தால் வலுப்பெற்ற அரசியல், மேற்கு மலைத்தொடர்ச்சிக் காடு, பெயர்பெற்ற நாட்டு நாயினம் என அவர் எழுத்தில் வரும் பொருள்கள் பலவும் இங்கே அடுத்தடுத்து இருக்கின்றன.

பாஸ்கரனுக்கு முன் தமிழில் திரைப்படம் பற்றிய எழுத்து இல்லாமல் இல்லை. 1930களில் ஆனந்த விகடனில் கல்கி எழுதிய விமர்சனங்களும், பின்னர் வந்த 'பேசும் படம்' போன்ற இதழ்களும், குண்டூசி கோபாலின் கேள்வி பதில்களும் வாசகர்களிடையே பரவலாக இருந்தன. ஆனால் இவற்றுள் பெரும்பாலானவை படத்தின் கதையையும் நடிப்பையும் பாட்டையும் பற்றிய உடனடிக் கருத்துகள். படம் எந்தச் சட்டத்தின் கீழ் தணிக்கை செய்யப்பட்டது, அதை யார் எங்கே திரையிட்டார்கள், அதன் பாட்டுப் புத்தகம் எந்த அச்சகத்தில் அச்சானது போன்ற கேள்விகளுக்கு அங்கே இடமில்லை. தமிழ்நாடு ஆவணக் காப்பகத்தில் சில காலம் பணியாற்றிய பழக்கம் பாஸ்கரனை வேறு திசையில் செலுத்தியது. 1981இல் க்ரியா வெளியிட்ட அவருடைய முதல் ஆங்கில நூலான 'தி மெசேஜ் பேரர்ஸ்', 1880 முதல் 1945 வரையிலான காலத்தில் தென்னிந்திய நாட்டுப்பற்று அரசியலுக்கும் கேளிக்கை ஊடகங்களுக்கும் இருந்த உறவை ஆராய்வது. அதே ஆண்டில் இலங்கைப் பேராசிரியர் கார்த்திகேசு சிவத்தம்பியின், தமிழ்த் திரைப்படத்தை அரசியல் தொடர்புச் சாதனமாக நோக்கும் சிறு நூலும் வெளிவந்தது. தமிழ்த் திரைப்பட ஆய்வு ஒரு துறையாக உருக்கொண்ட ஆண்டு எது என்று கேட்டால், 1981 என்று சொல்வதில் பெரிய தவறிருக்காது.

'தி மெசேஜ் பேரர்ஸ்' நூலின் வலிமை அதன் சான்றுகளில் இருக்கிறது. தென்னிந்தியாவில் எடுக்கப்பட்ட மௌனப் படங்களில் இன்று முழுநீளப் படமாக எஞ்சியிருப்பது 1933ஆம் ஆண்டின் 'மார்த்தாண்ட வர்மா' ஒன்றே. நடராஜ முதலியாரின் 'கீசக வத'மும் அதன் பின் வந்தவையும் அழிந்துவிட்டன. 1931 அக்டோபர் 31 அன்று வெளியான முதல் தமிழ்ப் பேசும்படமான 'காளிதாஸு'ம் கிடைக்கவில்லை. படங்களே இல்லாத இடத்தில் படங்களின் வரலாற்றை எழுதுவது எப்படி? பாஸ்கரன் கண்ட வழி, படத்தைக் கண்காணித்தவர்களின் தாள்களைப் படிப்பது. 1876ஆம் ஆண்டின் நாடக நிகழ்ச்சிகள் சட்டம், 1918ஆம் ஆண்டின் திரைப்படச் சட்டம், அதையொட்டி 1920இல் சென்னையில் அமைந்த தணிக்கை வாரியம், தி. ரங்காச்சாரியார் தலைமையில் 1927, 1928 ஆண்டுகளில் சான்று கேட்ட இந்தியத் திரைப்பட விசாரணைக் குழு ஆகியவை விட்டுச்சென்ற கோப்புகளும் சாட்சியத் தொகுதிகளும், கலையை அடக்க நினைத்த ஆட்சி தன்னை அறியாமலே அக்கலைக்குச் சேர்த்துவைத்த ஆவணங்கள் ஆயின. காவல்துறை தடை செய்த பாட்டுப் புத்தகம்தான் இன்று ஆய்வாளருக்குக் கிடைக்கிறது. தடை செய்யப்படாதது பழைய தாள் கடைக்குப் போய்விட்டது.

இந்த முறை எப்படி வேலை செய்கிறது என்பதை ஸ்ரீவில்லிபுத்தூருக்கு அண்மையிலுள்ள சிவகாசியில் 1886இல் பிறந்த நடிகர் எஸ். எஸ். விஸ்வநாத தாஸின் வரலாற்றைக் கொண்டு பார்க்கலாம். அவர் இயங்கிய மேடை பெரும்பாலும் ஸ்பெஷல் நாடகத்தினுடையது. ஒரு கம்பெனியில் நிலையாக இருந்து நடிக்காமல், வெவ்வேறு ஊர்களைச் சேர்ந்த நடிகர்கள் ஓர் இரவுக்கென ஒப்பந்தம் செய்யப்பட்டு, எல்லாருக்கும் மனப்பாடமான 'வள்ளித் திருமணம்', 'பவளக்கொடி' போன்ற நாடகமொன்றை ஒத்திகையின்றி நடத்துவதே ஸ்பெஷல் நாடகம். கதையின் சட்டகம் அனைவருக்கும் தெரிந்தது. ஆனால் அதற்குள் எந்தப் பாட்டை எப்போது பாடுவது என்பது நடிகரின் கையில் இருந்தது. இந்த நெகிழ்வுதான் அரசியலுக்கு வாசலாயிற்று. 'வள்ளித் திருமண'த்தில் தினைப்புனம் காக்கும் வள்ளி பறவைகளை விரட்டும் காட்சி உண்டு. அதே சூழலில் வெள்ளைக் கொக்கைப் பற்றிய ஒரு பாட்டைத் தாஸ் பாடியபோது, கொக்கு யார் என்பதில் கொட்டகையில் இருந்த எவருக்கும் ஐயமில்லை. அத்தகைய பாட்டுகளை எழுதிய மதுரகவி பாஸ்கரதாஸ் ஜாலியன்வாலாபாக் படுகொலையையும் மேடைப் பாட்டாக்கியவர். அதிகாரிகளின் இக்கட்டு தெளிவானது: முருகன் வள்ளியை மணந்த கதைக்கு அனுமதி மறுக்க முடியாது, நாடகப் பிரதியில் இல்லாத பாட்டை முன்கூட்டித் தணிக்கை செய்யவும் முடியாது. எனவே நாடகத்தை விட்டுவிட்டு நடிகரைப் பிடித்தார்கள். பலமுறை சிறை சென்ற தாஸ், 1940 டிசம்பர் 31 அன்று சென்னையில் முருகன் வேடத்தில் மேடையில் இருந்தபோதே உயிர்நீத்தார்.

தாஸ் மருத்துவர் சமூகத்தைச் சேர்ந்தவர் என்பதால் அவரோடு இணைந்து நடிக்க மறுத்த நடிகையர் இருந்தனர் என்பதையும் சேர்த்துப் பார்த்தால்தான் படம் முழுமையாகும். கதர் அணிந்து விடுதலை பாடிய மேடையிலேயே சாதி இருந்தது. நாடக, திரைக் கலைஞர்கள் மீது காங்கிரஸ் தலைமைக்கு இருந்த மனநிலையும் இதிலிருந்து அதிகம் வேறுபட்டதன்று. அவர்களுடைய பாட்டு கூட்டம் சேர்க்கத் தேவைப்பட்டது. அவர்கள் உடன் உட்காரத் தேவைப்படவில்லை. ராஜாஜிக்குத் திரைப்படத்தின் மீதிருந்த வெறுப்பு ஊரறிந்தது. 1939இல் கேளிக்கை வரிச் சட்டத்தைச் சென்னை மாகாணத்தில் கொண்டுவந்ததும் அவருடைய அமைச்சரவையே. விதிவிலக்கு எஸ். சத்தியமூர்த்தி. தாமே மேடையேறி நடித்தவரான அவர், நாடகக் கலைஞர்களை அரசியல் ஊழியர்களாகக் கருதி ஒழுங்குபடுத்த முயன்றார். ஆனால் அவர் காட்டிய வழியில் அவருடைய சீடர்கள் செல்லவில்லை.

பாஸ்கரனின் முதன்மையான வாதம் இங்கேதான் பிறக்கிறது. தமிழ்நாட்டில் திரைப்படத்துக்கும் அரசியலுக்கும் உள்ள பிணைப்பைத் திராவிட இயக்கத்தோடு தொடங்குவது பொது வழக்கம்; அப்பிணைப்பின் வேர் அதற்கு முந்திய நாட்டுப்பற்று நாடகத்திலும், 1937 முதல் 1939 வரை காங்கிரஸ் ஆட்சியில் தணிக்கை தளர்ந்திருந்தபோது வெளியான 'தியாக பூமி' போன்ற படங்களிலும் இருக்கிறது என்று அவர் காட்டினார். அந்த மரபைத் தொடங்கியது காங்கிரஸ், கைவிட்டதும் காங்கிரஸ். விருதுநகர் மாவட்டத்தின் தேர்தல் வரலாறு இந்த வாதத்துக்கு எழுதிவைத்த உரைபோல அமைந்திருக்கிறது. ராஜபாளையத்தைச் சேர்ந்த பூ. ச. குமாரசாமி ராஜா 1949 முதல் 1952 வரை சென்னை மாகாணத்தின் முதலமைச்சராக இருந்தார். அவருடைய ஆட்சிக் காலத்துக்குள்தான் திராவிட முன்னேற்றக் கழகம் தோன்றியது. 'வேலைக்காரி', 'நல்லதம்பி' ஆகிய படங்கள் அவர் பதவியேற்பதற்குச் சற்று முன்பும், 'மந்திரி குமாரி' அவருடைய ஆட்சியின்போதும் வெளியாயின. காந்தியத்தில் ஊறிய ராஜா, தம் சொந்த வீட்டையே கலைக்கு அளித்தவர். ராஜபாளையத்தின் காந்தி கலை மன்றம் அவ்வாறு உருவானது. கலையை மதித்த அந்தத் தலைமுறைக் காங்கிரஸார், கலை என்று மதித்த பட்டியலில் கொட்டகையைச் சேர்க்கவில்லை. 1967இல் விருதுநகரில் காமராஜர் ஒரு மாணவர் தலைவரிடம் தோற்றார். 1977இல் அருகிலுள்ள அருப்புக்கோட்டையில் போட்டியிட்டு வென்ற எம். ஜி. ராமச்சந்திரன் முதலமைச்சரானார். விஸ்வநாத தாஸின் நிலத்தில் நிகழ்ந்த இந்தத் திருப்பத்தைத் திரை மயக்கம் என்ற ஒற்றைக் காரணத்தால் விளக்குவோர், அந்த மக்கள் அரை நூற்றாண்டுக்கு முன்பே மேடையிலிருந்து அரசியல் கேட்கப் பழகியிருந்ததை மறந்துவிடுகிறார்கள். 1967ஆம் ஆண்டுத் தேர்தலுக்கு உணவுத் தட்டுப்பாடும் இந்தி எதிர்ப்புப் போராட்டமும் காரணங்கள் என்பதை யாரும் மறுக்கப்போவதில்லை. ஆயினும் அக்காரணங்கள் பேசப்பட்ட மொழி, கொட்டகையில் பழகிய மொழி.

வரலாற்றாசிரியராக இவ்வளவு தெளிவோடு இயங்கிய பாஸ்கரன், விமர்சகராக வரும்போது சற்றே கண்டிப்பானவராகிறார். 1996இல் வெளியாகி, சிறந்த திரைப்பட நூலுக்கான தேசிய விருதைப் பெற்று, பின்னர் தமிழில் 'பாம்பின் கண்' என்று வந்த அவருடைய நூலிலும், 'எம் தமிழர் செய்த படம்' முதலான தமிழ்க் கட்டுரைத் தொகுப்புகளிலும் திரும்பத் திரும்ப வரும் குறை ஒன்று உண்டு: தமிழ்த் திரைப்படம் காட்சியால் பேசாமல் வசனத்தால் பேசுகிறது, கம்பெனி நாடகம் கேமராவுக்கு முன் இடம் மாறியதால் வந்த பழக்கம் இன்னும் அதை விடவில்லை. முதல் இருபது ஆண்டுப் பேசும்படங்கள் பெரும்பாலும் மேடையில் வெற்றிபெற்ற நாடகங்களே என்பதும், நடிகர்களும் பாடலாசிரியர்களும் அதே கம்பெனிகளிலிருந்து வந்தவர்கள் என்பதும் இதற்கு அவர் தரும் வரலாற்றுக் காரணம். பாடலே இல்லாத 'அந்த நாள்' (1954), ஜெயகாந்தன் இயக்கிய 'உன்னைப்போல் ஒருவன்' (1965) ஆகிய படங்களுக்கு இத்தகைய விமர்சனத்தில் தனி மதிப்பு இருப்பது இயல்பே.

இந்தக் குறையை அப்படியே ஏற்பதற்கு முன் கோவில்பட்டியைச் சற்று நோக்குவது நல்லது. சென்னைக் கலைப் பள்ளியில் பயின்று, பிறகு ஒரு நாடகக் கம்பெனிக்குத் திரைச்சீலை எழுதும் ஓவியராகச் சேர்ந்த சி. கொண்டையராஜு, அந்தக் கம்பெனி 1942இல் கோவில்பட்டியில் கலைந்தபோது அந்த ஊரிலேயே தங்கிவிட்டார். அவரும் அவருடைய மாணவர்களும் வரைந்த தெய்வப் படங்களை சிவகாசி அச்சகங்கள் காலண்டர்களாக அச்சிட்டு நாடெங்கும் அனுப்பின. அந்தப் படங்களில் முருகனோ மீனாட்சியோ பார்ப்பவரை நேருக்கு நேர் நோக்கி நிற்பார்கள்; பின்னால் தூண்களும் வளைவும் மலையும், பெரும்பாலும் நாடகத் திரைச்சீலையில் இருந்தவைபோலவே, தட்டையாக விரியும். இதே நேர்முக நிலையைத்தான் 1940, 1950களின் படங்களிலும் காண்கிறோம்: நடிகர் சட்டகத்தின் நடுவில் பார்வையாளரை நோக்கி நின்று பேசுகிறார், கேமரா அசையாமல் கேட்கிறது. மேடை, காலண்டர், திரை என்று மூன்று ஊடகங்களில் ஒரே அமைப்பு தொடர்கிறதென்றால், அதைக் கேமராவைக் கையாளத் தெரியாததன் விளைவு என்று மட்டும் சொல்லிவிட முடியாது. தெய்வத்தைக் கண்ணுக்குக் கண் காணும் பழக்கமும் அதில் கலந்திருக்கிறது. ஐரோப்பியப் படங்களைத் திரைப்படச் சங்கங்களில் பார்த்துப் பழகிய தலைமுறையின் அளவுகோல், இந்த அழகியலைக் குறையாக மட்டுமே காண்கிறது. பாஸ்கரனின் விமர்சனத்தில் விவாதத்துக்குரிய பகுதி இது. இருந்தும், அந்த அளவுகோலைக் கேள்வி கேட்பதற்குத் தேவையான செய்திகளையே, அதாவது நாடகத்திலிருந்து திரைக்கு யார் யார், எப்போது, எதைக் கொண்டுவந்தார்கள் என்பதை, அவர்தான் தந்திருக்கிறார்.

பார்வையாளர்களைப் பற்றிய ஆய்வில் மற்றவர்கள் அவரைத் தாண்டிச் சென்றிருக்கிறார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். எம். ஜி. ஆர். படிமத்தை ஏழை மக்களின் வாழ்வோடு பொருத்தி ஆராய்ந்த எம். எஸ். எஸ். பாண்டியனின் நூல் 1992இலும், மதுரையின் உழைக்கும் மக்கள் படம் பார்க்கும் விதத்தை அருகிருந்து கவனித்த சாரா டிக்கியின் நூல் 1993இலும் வெளிவந்தன. பாஸ்கரனின் பார்வையாளர் பெரும்பாலும் தணிக்கைக் கோப்பின் ஓரத்தில் தெரிபவர். கோப்பை எழுதியவரின் அச்சத்தின் வழியாகவே அவர் தெரிகிறார்.

ஆனால் கொட்டகை என்ற இடத்தைப் பற்றி அவர் கொண்ட அக்கறை வேறு யாரிடமும் அவ்வளவு விரிவாக இல்லை. தம் தொகுப்பு ஒன்றுக்கு 'சினிமா கொட்டகை' என்றே பெயரிட்டவர் அவர். திருச்சியில் ரயில்வே எழுத்தராக இருந்து, 1905இல் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் படம்காட்டும் கருவியை வாங்கி ஊரூராகச் சென்று, 1914இல் கோவையில் வெரைட்டி ஹாலைக் கட்டிய சாமிக்கண்ணு வின்சென்ட் போன்றவர்களுக்கு வரலாற்றில் இடம் தேடித் தந்தது அவ்வக்கறையே. சென்னையில் 1913இல் கட்டப்பட்ட எலக்ட்ரிக் தியேட்டர் சில ஆண்டுகளிலேயே அஞ்சல் துறைக்கு விற்கப்பட்டு, இன்றும் அண்ணா சாலை அஞ்சலக வளாகத்துக்குள் நிற்கிறது. அதே துறையில் உயர் பதவி வகித்தவர் தமிழ்த் திரைப்பட வரலாற்றை எழுதினார் என்பது ஒரு சுவையான தற்செயல், அதற்கு மேல் அதில் பொருள் தேட வேண்டியதில்லை. கொட்டகையின் சமூகப் பொருளைச் சுருக்கமாகச் சொன்னவர் சிவத்தம்பி: எல்லாச் சாதித் தமிழரும் ஒரே கூரையின் கீழ் அமர்ந்து ஒரே நிகழ்ச்சியைக் கண்ட முதல் இடம் அதுதான், அங்கே இருக்கையைத் தீர்மானித்தது பிறப்பன்று, கையிலிருந்த காசு. ஸ்ரீவில்லிபுத்தூர் போன்ற கோயில் ஊரில் இதன் கனம் அதிகம். மதுரை மீனாட்சி கோயிலில் ஒடுக்கப்பட்டோர் நுழைந்தது 1939 ஜூலையில். அதே ஆண்டில்தான் 'தியாக பூமி' வெளியானது, கேளிக்கை வரியும் வந்தது. கோபுர வாசலைச் சட்டத்தால் திறக்க வேண்டியிருந்த காலத்தில், கூடாரக் கொட்டகையின் வாசல் தரை டிக்கெட்டுக்கே திறந்தது. ராஜபாளையத்தில் 1930களின் பிற்பகுதியில் பஞ்சாலை எழுந்து வாரக்கூலியும் ஷிப்டும் வந்தபோது, டிக்கெட் வாங்கக் காசும் இரவில் ஓய்வும் உள்ள ஒரு கூட்டம் உருவானது என்பதையும் இதோடு சேர்த்து எண்ணலாம்.

ஓய்வுக்குப் பின் பாஸ்கரன் சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தின் இயக்குநராக இருந்தது அவருடைய முறையின் இயல்பான நீட்சி. கோட்டையூர் ரோஜா முத்தையா செட்டியார் சேர்த்த தொகுப்பில் இலக்கண நூல்களுக்குப் பக்கத்திலேயே நாடக நோட்டீசும் சினிமாப் பாட்டுப் புத்தகமும் இருந்தன. பாட்டுப் புத்தகம் என்பது அரங்கில் விற்ற மலிவுப் பதிப்பு. படத்தின் கதைச் சுருக்கமும் நடிகர் பட்டியலும் எல்லாப் பாடல்களும் அதில் இருக்கும். படச்சுருள் அழிந்த பல படங்களைப் பற்றி இன்று உறுதியாகத் தெரிந்தவை அந்தச் சில பக்கங்களில் உள்ளவை மட்டுமே.

காட்டுயிர் எழுத்துக்கு வருவோம். உலகக் காட்டுயிர் நிதியத்தின் இந்தியக் கிளையில் அறங்காவலராக இருந்தவர், உல்லாஸ் கரந்தின் புலி நூலைக் 'கானுறை வேங்கை' என்று தமிழாக்கியவர், 'இன்னும் பிறக்காத தலைமுறைக்காக' என்ற கட்டுரைத் தொகுப்பால் தமிழில் சூழலியல் எழுத்துக்கு வழி திறந்தவர்களுள் ஒருவர் என்பவை தெரிந்த செய்திகள். 2013ஆம் ஆண்டுக்கான இயல் விருது அவருக்கு வழங்கப்பட்டபோது திரை, சூழல் என்ற இரு பங்களிப்புகளும் சேர்ந்தே கருதப்பட்டன. அந்தச் சூழல் எழுத்தின் பொருளான காடு இந்த வட்டாரத்திலும் உண்டு: ஸ்ரீவில்லிபுத்தூரை ஒட்டிய மலைச்சரிவு 1988இல் சாம்பல் நிற மலையணிலுக்கான சரணாலயமாகவும், 2021இல் மேகமலையோடு சேர்த்துப் புலிகள் காப்பகமாகவும் அறிவிக்கப்பட்டது. ஆண்டாள் கோயிலுக்கு வரும் கூட்டத்தில் இந்த அணிலைப் பற்றி அறிந்தவர்கள் எத்தனை பேர் என்பது வேறு கேள்வி.

ஆனால் திரை ஆய்வின் முறை மிகத் தெளிவாகக் காட்டுயிர் எழுத்துக்குள் நுழைவது, 2017இல் ஆங்கிலத்தில் வெளியான இந்திய நாயினங்கள் பற்றிய அவருடைய நூலில்தான். பால்வெள்ளை உடலும் இளஞ்சிவப்பு மூக்கும் கொண்ட ராஜபாளையம் நாய், காட்டுப்பன்றி வேட்டைக்கெனப் பேணப்பட்ட இனம். அதே வறண்ட தெற்கின் சிப்பிப்பாறை, கன்னி நாய்கள் முயலைத் துரத்தும் மெலிந்த ஓட்ட நாய்கள்; மேற்கு மலையடிவாரத்துக் கோம்பை காவலுக்குப் பெயர்பெற்றது. இவற்றைப் பற்றி எழுதும்போது பாஸ்கரன் கேட்பவை, கொட்டகையைப் பற்றி அவர் கேட்ட அதே கேள்விகள்: இவற்றை வளர்த்தவர் யார், எதற்காக வளர்த்தனர், இவற்றைப் பதிவு செய்யாமல் விட்டவர் யார். வெள்ளையர் தம் நாட்டு இனங்களைக் கொண்டுவந்தனர். படித்த இந்தியர் அவற்றையே மதிப்பின் அடையாளமாகக் கொண்டனர். தெருவில் திரிவதெல்லாம் ஒரே சாதி என்ற பார்வையில் நாட்டு இனங்களுக்குப் பெயரும் பரம்பரைக் குறிப்பும் இல்லாமல் போயின. 1972ஆம் ஆண்டின் காட்டுயிர்ப் பாதுகாப்புச் சட்டம் வேட்டையைத் தடுத்தபோது, வேட்டை நாயின் வேலையும் போயிற்று. காட்டைக் காக்க வாதாடிய ஒருவர், அந்தச் சட்டத்தால் தொழில் இழந்த விலங்கின் வரலாற்றையும் எழுத நேர்ந்தது அவருடைய எழுத்தின் நேர்மைக்குச் சான்று. இரண்டில் ஒன்றை மறைத்து மற்றொன்றைப் பேசுவது எளிதாக இருந்திருக்கும்.

வேலை இழந்த நாய்க்கு அடுத்து வந்த ஆபத்து புகழ். 2005இல் அஞ்சல் துறை வெளியிட்ட நான்கு நாய் அஞ்சல்தலைகளுள் ராஜபாளையமும் ஒன்று. அரசின் சைதாப்பேட்டை நாய் இனப்பெருக்கப் பிரிவும் இந்த இனத்தைப் பெருக்கியது. ஆனால் தூய வெள்ளை நிறமே விலையைத் தீர்மானிக்கும் சந்தையில், சிறு கூட்டத்துக்குள்ளேயே சேர்த்துச் சேர்த்து வளர்த்ததால், வெள்ளை நிற நாயினங்களில் பொதுவாகக் காணப்படும் பிறவிச் செவிட்டுத்தன்மை இவற்றிலும் மிகுந்தது. காட்டில் பன்றியின் அசைவைக் கேட்டு ஓட வேண்டிய நாய்க்கு அந்தக் குறை ஒரு தலைமுறையிலேயே தெரிந்துவிடும், வளர்ப்பவரும் அதன் குட்டிகளைத் தவிர்த்துவிடுவார்; வீட்டு வாசலில் கட்டிப்போட்ட நாய்க்கு அது தெரியவே வேண்டியதில்லை.